45 நாள் இருக்கிறதே என்று உட்கார்ந்திருப்பவர்களுக்கு

“அப்பீலுக்கு 45 நாள் டைம் இருக்கே சார், 40-ஆவது நாள் போட்டாப் போதாதா?” குடும்பக் கம்பெனித் தகராறோடு வருகிறவர்கள் பலரும் இதைத்தான் கேட்கிறார்கள்.

போதாது. பங்குதாரர் கூட்டத்தைக் கூட்ட 21 நாள் நோட்டீஸ் போதும். உங்களை இயக்குநர் பதவியிலிருந்து தூக்கக் கூடும் இ.ஜி.எம்.முக்கு, அதாவது அசாதாரணப் பொதுக்கூட்டத்துக்கு, தடை கேட்டீர்கள். தேசிய கம்பெனிச் சட்டத் தீர்ப்பாயம் மறுத்துவிட்டது. நீங்கள் 40-ஆவது நாள் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்தின் சென்னை அமர்வில் மனுவைப் போடும்போது கூட்டம் நடந்து, தீர்மானம் நிறைவேறி, இயக்குநர் மாற்றத்தைத் தெரிவிக்கும் டி.ஐ.ஆர்-12 படிவமும் கம்பெனிப் பதிவாளரிடம் போயிருக்கும். நடந்து முடிந்த கூட்டத்தை யார் தடுப்பது? ‘இன்ஃப்ரக்சுவஸ்’, அதாவது பயனற்றுப்போனது என்று ஒரே வரியில் மனு முடிந்துவிடும். உங்கள் பக்கம் நியாயம் இருந்ததா என்பதை யாரும் பார்த்திருக்க மாட்டார்கள்.

மனு போட்டாலே தடை வந்துவிடும் என்பது இன்னொரு மயக்கம். வராது. இடைக்காலத் தடை தனியாகக் கேட்க வேண்டும், கிடைக்கவும் வேண்டும்.

ஆகவே உத்தரவு சொன்ன அன்றே சான்றிட்ட நகலுக்கு விண்ணப்பியுங்கள். நகல் எப்போது வரும் என்று கேட்டால் “வெப்சைட்டைப் பாருங்க” என்பார்கள். அந்தப் பதிலை நம்பி உட்காராதீர்கள். மேல்முறையீடு என்.சி.எல்.ஏ.டி-1 படிவத்தில், 5,000 ரூபாய் கட்டணத்தோடு. தடை கோருவதும், நகல் கைக்கு வராததால் அதற்கு விலக்குக் கோருவதும் என்.சி.எல்.ஏ.டி-2 படிவத்தில். கூட்டத் தேதியைத் தடை மனுவின் முதல் பக்கத்திலேயே எழுதி, நோட்டீஸை இணைத்து, அவசர வழக்காக எடுக்கும்படி வக்கீலை மென்ஷன் செய்யச் சொல்லுங்கள். பக்க எண் விட்டுப்போனது, மங்கலான ஜெராக்ஸ் என்று பதிவகம் கோப்பைத் திருப்பினால், குறை தீர்ப்பதிலேயே கூட்டத் தேதி கடந்துவிடும். தைக்கும் முன்பே பக்கம் பக்கமாகப் பாருங்கள்.

முழுத் தடை கிடைக்காவிட்டால் வெறுங்கையோடு திரும்பாதீர்கள். ‘தீர்மானம் எதுவாயினும் இந்த மேல்முறையீட்டின் முடிவுக்குக் கட்டுப்பட்டது’ என்ற ஒரு வரியாவது கேளுங்கள். கூட்டம் நடந்த பிறகும் வழக்குக்கு உயிர் கொடுப்பது அந்த வரிதான்.

45 நாளுக்குப் பிறகு தக்க காரணம் காட்டினால் இன்னொரு 45 நாள் வரை தாமதத்தை மன்னிக்கலாம். அதற்கு மேல் ஒரு நாள்கூட முடியாது. 2018-இல் உச்ச நீதிமன்றமே சொல்லிவிட்டது. ஆனால் திரும்பவும் சொல்கிறேன்: உங்களுக்கான கெடு 45-ஆவது நாள் இல்லை, கூட்டத்துக்கு முந்தைய நாள்.

கூட்டம் நடந்தே முடிந்துவிட்டதா? பழைய மனுவைப் பிடித்துத் தொங்காமல், கீழ்த் தீர்ப்பாயத்தில் நிலுவையிலுள்ள மூல மனுவைத் திருத்தி, தீர்மானத்தையே ரத்து செய்யக் கேளுங்கள். மேல்முறையீட்டைத் திரும்பப் பெறுவதாக இருந்தால், கீழ் உத்தரவில் சொன்ன கருத்துகள் மூல மனுவைப் பாதிக்காது என்று பதியச் சொல்லுங்கள். “வாபஸ் வாங்கிடலாம்” என்று வக்கீல் சொன்னால் தலையாட்டிவிட்டு வராமல், அந்த வரி உத்தரவில் ஏறியிருக்கிறதா என்று நகலை வாங்கிப் படித்துப் பாருங்கள்.