ஏழு வயசுப் பாப்பாவுக்கு எந்தக் கிட்டார்? போளூர் தறி வீட்டில் ஒரு கம்பிக் கணக்கு

“சித்தி, இது என் விரலைக் கடிக்குது.”

போன கோடை விடுமுறையில் போளூருக்கு அக்கா வீட்டுக்குப் போயிருந்தபோது, அக்கா மகள் இடது கை விரல்களை விரித்துக் காட்டினாள். மூன்று விரல் நுனியிலும் கம்பி பதிந்த கோடு. நடுவிரலில் தோல் உரிந்திருந்தது. கிட்டாரோ பழைய புடவைத் துணியில் சுற்றப்பட்டு பீரோ மேலே ஏறிவிட்டது. வாங்கி ஒரு மாதம்கூட ஆகவில்லை.

மாமா பட்டு நெசவாளர். ஆரணி முதலாளியிடம் பாவு வாங்கி வந்து, வீட்டுத் தறியில் கூலிக்கு நெய்கிறார். பள்ளி ஆண்டு விழாவில் யாரோ ஒரு அண்ணன் கிட்டார் வாசித்ததைப் பார்த்துவிட்டு பாப்பா கேட்டிருக்கிறாள். புடவைக் கூலியிலிருந்து 3,800 ரூபாய் எடுத்துக்கொண்டு, பஸ் ஏறிப் போய் வாங்கி வந்திருக்கிறார். கடையில் சொன்னது ஒரே வார்த்தைதான்: “பெரிசாவே வாங்கிடுங்க சார், வளர்ந்தாலும் உதவும்.” ஸ்கூல் யூனிஃபார்ம் வாங்கும்போது நாம் எல்லோரும் பேசும் நியாயம். அதனால் மாமாவுக்கும் சரியாகத்தான் பட்டிருக்கிறது.

“இவளுக்கு பாட்டெல்லாம் வராது. கேட்டதை எல்லாம் வாங்கிக் குடுத்தா இப்படித்தான்” என்றாள் அக்கா. மாமா ஒன்றும் பேசவில்லை. எழுந்து தறிக்குப் போய்விட்டார்.

அக்காவின் அந்தத் தீர்ப்புதான் எனக்கு உறுத்தியது. கல்லூரிக் காலத்தில் இரண்டு வருடம் கிட்டார் கற்றவள் நான். இறக்கி மடியில் வைத்துப் பார்த்தேன். பெரியவர்களுக்கான முழு சைஸ், இரும்புக் கம்பி. நடுவில், பன்னிரண்டாவது கட்டத்தில், கம்பிக்கும் மரத்தில் பதித்த ஃப்ரெட் கம்பிக்கும் நடுவே கிட்டத்தட்ட 5 மில்லிமீட்டர் இடைவெளி. நானே அழுத்திப் பிடிக்க முடியாமல் கையை உதறினேன். ஏழு வயசுக் குழந்தை மூன்று வாரம் தாக்குப்பிடித்ததே பெரிய விஷயம்!

முதலில் இழுப்பைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். சாதாரண ‘லைட்’ இரும்புக் கம்பி செட் ஒன்றை முழு கிட்டாரில் மாட்டி சுருதி சேர்த்தால், ஆறு கம்பியும் சேர்ந்து இழுக்கும் விசை சுமார் 70 கிலோ. நைலான் கம்பி மாட்டும் கிளாசிக்கல் கிட்டாரில் அது சுமார் 40 கிலோதான். கம்பியும் பருமனாக, வழவழப்பாக இருக்கும், விரலை அறுக்காது. ‘இரும்பில் பழகினால்தான் விரல் உறுதியாகும்’ என்று சொல்லும் ஆசிரியர்கள் உண்டு. பதினைந்து வயசுப் பையனுக்கு அது சரியாக இருக்கலாம். ஆறு, ஏழு வயசுக்கு நைலான்தான் என்பது என் கட்சி.

அடுத்தது சைஸ். கடைகளில் கால், அரை, முக்கால், முழு என்று நான்கு சைஸ் சொல்வார்கள். இந்தக் கணக்கு கொஞ்சம் விசித்திரமானது. முழு கிளாசிக்கல் கிட்டாரில் கம்பி அதிரும் நீளம் 650 மில்லிமீட்டர். முக்கால் சைஸில் அது ஏறக்குறைய 580. அரை சைஸில் 530 பக்கம். அதாவது ‘அரை’ என்றால் பாதி கிடையாது! கம்பெனிக்குக் கம்பெனி கொஞ்சம் மாறவும் செய்யும். அதனால் பெட்டியில் எழுதியிருப்பதை நம்பாமல், குழந்தையின் உயரத்தைப் பாருங்கள். 115 செ.மீ. வரை கால் சைஸ், 135 வரை அரை, 150 வரை முக்கால், அதற்கு மேல் முழு சைஸ் என்று தோராயமாக வைத்துக்கொள்ளலாம். வயசைவிட உயரம் நம்பகமானது. ஒரே வகுப்பில் எத்தனை உயரத்தில் பிள்ளைகள் நிற்கிறார்கள் என்று பிரேயரில் பார்த்திருப்பீர்கள்தானே?

குழந்தையைக் கூட்டிக்கொண்டு போகாமல் கிட்டார் வாங்காதீர்கள். சர்ப்ரைஸ் கொடுக்க இது கேக் இல்லை. நாற்காலியில் உட்காரவைத்து மடியில் கொடுங்கள். வலது தோள் காது வரை தூக்கிக்கொண்டால் உடல் பகுதி பெரிசு. இடது கையை நீட்டி முதல் கட்டத்தைத் தொடும்போது முழங்கை விறைப்பாக நீண்டுவிட்டால் கழுத்து நீளம் அதிகம். பிறகு கம்பியின் உயரம். பாக்கெட்டில் இரண்டு ஒரு ரூபாய் நாணயங்கள் இருந்தால் போதும். இரண்டையும் அடுக்கினால் ஏறக்குறைய 3 மில்லிமீட்டர். பன்னிரண்டாவது கட்டத்தில் ஃப்ரெட்டின் மேல் வைத்துப் பாருங்கள். கம்பி அதைவிட வெகு உயரத்தில் நின்றால், குறைத்துத் தரச் சொல்லுங்கள். கம்பி உட்காரும் வெள்ளைப் பட்டையை அடியில் கொஞ்சம் தேய்த்தால் உயரம் இறங்கும். நல்ல கடைக்காரருக்கு அது சின்ன வேலை. முகம் சுளித்தால் வேறு கடை பாருங்கள்.

கழுத்தோரம் விரலால் தடவிப் பார்க்கவும் மறக்காதீர்கள். மலிவான கிட்டார்களில் ஃப்ரெட் முனைகள் ரம்பம் மாதிரி நீட்டிக்கொண்டிருக்கும்.

சரி, ஏற்கெனவே பெரிய கிட்டாரை வாங்கிவிட்டவர்கள் என்ன செய்வது? போளூரில் நாங்கள் முதலில் செய்தது காசு செலவில்லாத வைத்தியம்தான். தடித்த மூன்று கம்பிகளைக் கழற்றிவிட்டோம். மீதி மூன்றை இரண்டு அரைச்சுரம் இறக்கி சுருதி சேர்த்து, இரண்டாவது கட்டத்தில் கேப்போ போட்டோம் (கேப்போ மட்டும் என்னுடையது). இறக்கியதால் இழுப்பு குறைந்தது, கேப்போ போட்டதால் நீளமும் கம்பி உயரமும் குறைந்தன, சுருதியும் பழைய இடத்துக்கே வந்துவிட்டது. பாப்பா அன்று சாயங்காலம் கால் மணி நேரம் வாசித்தாள். அக்கா அடுப்படியிலிருந்து எட்டிப் பார்த்தாள்.

இரண்டு மாதம் அப்படி ஓடியது. பிறகு அந்தக் கிட்டாரை, தெருவில் ஒரு கல்லூரி மாணவனுக்கு 2,000 ரூபாய்க்குக் கொடுத்துவிட்டு, மேற்கொண்டு நான் கொஞ்சம் போட்டு அரை சைஸ் நைலான் கிட்டார் வாங்கினோம். ஒரு எச்சரிக்கை: நைலான் கிட்டாரில் ‘சத்தம் கணீர்னு வரும்’ என்று யாராவது சொன்னார்கள் என்பதற்காக இரும்புக் கம்பியை மாட்டிவிடாதீர்கள். அந்த இழுப்பைத் தாங்காமல் பிரிட்ஜ் பெயர்ந்து வந்துவிடும்.

சின்ன கிட்டாருக்குக் கம்பி வாங்குவதில் இன்னொரு நுணுக்கம் உண்டு. நீளம் குறைந்தால் அதே கம்பியின் இழுப்பும் குறையும். முழு சைஸுக்கான செட்டை அரை சைஸில் மாட்டினால் இழுப்பு ஏறக்குறைய மூன்றில் இரண்டு பங்காகிவிடும். கம்பி தொளதொளவென்று நிற்கும், தடித்த கம்பிகள் ‘ஜிர்’ என்று இரையும். அதனால் சின்ன சைஸுக்கென்றே வரும் செட், கிடைக்காவிட்டால் ‘ஹை டென்ஷன்’ என்று போட்டிருக்கும் செட் வாங்குங்கள். புதுக் கம்பி முதல் வாரம் முழுக்க இளகிக்கொண்டே இருக்கும். தினமும் செல்போன் டியூனர் ஆப் வைத்து முறுக்க வேண்டும். குழந்தைக்குச் சுருதி தப்பிய கிட்டாரைக் கொடுத்துவிட்டு ‘காது இல்லை’ என்று சொல்வது அநியாயம்.

கம்பிகளில் முதலில் தேய்வது பெரும்பாலும் நான்காவது கம்பிதான். பாப்பாவுடையதும் நான்கு மாதத்தில் பிரிந்துவிட்டது. மாமா அதை வாங்கி ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். உள்ளே மெல்லிய இழைகள், மேலே வெள்ளிப் பளபளப்பில் சுற்றிய கம்பி. “ஏம்மா, இது ஜரிகை கணக்கா இல்ல இருக்குது!” என்றார்.

அசந்துபோனேன். ஜரிகையும் பட்டு நூலின் மேல் வெள்ளித் தகட்டிழையைச் சுற்றி, தங்க முலாம் பூசுவதுதான். கிட்டாரின் தடித்த கம்பிகளும் ஒரு காலத்தில் அப்படியே இருந்தன: உள்ளே பட்டு, மேலே வெள்ளி முலாம் பூசிய செம்புக் கம்பி. மெல்லிய மூன்று கம்பிகள் ஆட்டுக் குடலில் முறுக்கியவை. நம் யாழுக்கும் ‘நரம்பு’தானே கட்டினார்கள்! இரண்டாம் உலகப் போரில் குடல் இழைகள் காயம் தைக்கப் போய்விட, கிட்டாருக்குப் பஞ்சம் வந்தது. நியூயார்க்கில் ஆல்பர்ட் அகஸ்டின் என்ற கிட்டார் தச்சர் நைலான் இழையை மாட்டிப் பார்த்தார். ஸ்பெயின் மேதை ஆந்த்ரேஸ் செகோவியா அதை ஏற்றுக்கொண்டார். 1940-களின் கடைசியில் நைலான் கடைக்கு வந்தது. பட்டின் இடத்தையும் நைலான் இழைகள் பிடித்துக்கொண்டன.

இதையெல்லாம் சொன்னதும் மாமா சிரித்தார். “அப்போ இது நம்ம வேலைதான்” என்று புதுக் கம்பியை அவரே கட்டினார். பிரிட்ஜில் நைலானை வளைத்து, சுற்றி, தனக்குள்ளேயே மாட்டி இழுக்கும் அந்த முடிச்சு எனக்கு வர ஒரு வாரம் ஆனது. அறுந்த இழைகளைத் தினமும் பிணைக்கும் விரல்கள். இரண்டாவது தடவையிலேயே வந்துவிட்டது. இப்போது கம்பி மாற்றுவது அவர் பொறுப்பு.

வெயிலைப் பற்றியும் சொல்ல வேண்டும். வேலூர், திருவண்ணாமலைப் பக்கத்துச் சித்திரை வெயிலில் ஓட்டு வீட்டுப் பரண், ஜன்னலோரம், நிறுத்தி வைத்த கார் மூன்றுமே கிட்டாருக்கு ஆகாது. ஒட்டுப் பசை இளகி, பிரிட்ஜ் தூக்கிக்கொள்ளும். மழைக்காலத்தில் ஈரச் சுவரில் சாய்க்காதீர்கள். தறிப் பாவுக்கு எது ஆகாதோ அது கிட்டாருக்கும் ஆகாது. வாசித்து முடித்ததும் பருத்தித் துணியால் கம்பியைத் துடைத்தால் இன்னும் சில மாதம் வரும்.

பயிற்சிக்கு, ஒரு நாளைக்குப் பத்து நிமிடம் போதும். முதல் மாதமே ‘இளைய நிலா’ வாசிக்கச் சொல்லி உறவினர் முன்னால் நிறுத்தாதீர்கள்.

பாப்பா இப்போது மூன்று கார்டு வாசிக்கிறாள். மாறும்போது தடுக்குகிறது. உயரம் 126 செ.மீ. கதவு நிலையில் மாமா பென்சிலால் கோடு போட்டு வைத்திருக்கிறார். 135-ல் இன்னொரு கோடு, பக்கத்தில் ‘முக்கால்’ என்று எழுதியிருக்கிறது.