கேமராவுக்குப் பின்னால் முதல் கணவர்!

கெய்ரோவில் ஒரு காதல் படம் தயாராகிறது. நாயகி, அரபு உலகமே கொண்டாடிய ஃபாத்தன் ஹமாமா. அவர் உருகி உருகிக் காதலிக்க வேண்டிய நாயகன் உமர் ஷெரீஃப், நிஜத்திலும் அவருடைய கணவர்தான். இருவரையும் நெருங்கி நிற்கச் சொல்லி ஷாட் வைத்த இயக்குநர் யார் தெரியுமா? எஸ்ஸுத்தீன் சுல்ஃபிகார், ஃபாத்தனின் முதல் கணவர்!

1960இல் வந்த அந்தப் படம் 'நஹ்ருல் ஹுப்'. கதையைக் கேட்டால் இன்னும் வியப்பீர்கள். டால்ஸ்டாயின் 'அன்னா கரேனினா'! கணவன் இருக்க இன்னொருவனிடம் மனதைப் பறிகொடுக்கும் பெண்ணின் கதை. அதை எடுக்க இந்த மூவர்!

கொஞ்சம் பின்னால் போவோம். 1954, யூசுஃப் ஷாஹீனின் 'ஸிரா ஃபில் வாதி'. அலெக்சாண்ட்ரியாவில் பிறந்த மிஷேல் ஷல்ஹூப் என்ற இளைஞர், உமர் ஷெரீஃபாக அறிமுகமான படம். முத்தக் காட்சியா, முடியவே முடியாது என்றிருந்த ஃபாத்தன், இந்தப் புதுமுகத்துடன் சம்மதித்தார். எகிப்தே பரபரத்தது. அதே ஆண்டு சுல்ஃபிகாருடன் மணமுறிவு. மறு ஆண்டு, இஸ்லாத்தைத் தழுவிய உமருடன் திருமணம். அதற்காக ஃபாத்தனும் சுல்ஃபிகாரும் தொழிலில் முகம் திருப்பிக்கொள்ளவில்லை. 1959இல்கூட சுல்ஃபிகார் இயக்கத்தில் 'பைன் அல் அத்லால்' படத்தில் ஃபாத்தன் நடித்தார்.

சரி, 'நஹ்ருல் ஹுப்'பில் துரோகத்துக்கு ஆளாகும் கணவன் யார்? ஸகி ருஸ்தம்! நிஜத்தில் கடைசிவரை கல்யாணமே செய்துகொள்ளாதவர். கையாடலில் மாட்டிய அண்ணனை மிரட்டித் தங்கையை மணக்கும் தாஹிர் பாஷாவாக வருகிறார். அந்தக் கனத்த குரல் ஒன்று போதும், நமக்கே மூச்சு முட்டும். ரயிலில் சந்தித்த ராணுவ அதிகாரி காலித் மீது மனைவிக்குக் காதல். விவாகரத்து கேட்கிறாள். பாஷா தர மறுக்கிறார். காலித் 1948 பாலஸ்தீனப் போரில் மடிய, அவள் முடிவும் ரயிலடியில்தான்.

எனக்குச் சிலிர்ப்பது இங்கேதான். மனைவியைப் பிரிந்த இயக்குநர், கதையில் யார் பக்கம் நிற்கிறார்? காதலர்கள் பக்கம்! பார்ப்பவர் கண்ணீரெல்லாம் அவர்களுக்கே போகிறது. மனைவியைப் பிடித்து வைத்துக்கொள்ளும் கணவன்தான் வில்லன். பெரிய மனசு ஐயா அது!

ஃபாத்தனும் உமரும் ஜோடி சேர்ந்த கடைசிப் படமும் இதுவே. 1962இல் 'லாரன்ஸ் ஆஃப் அரேபியா'வில் ஒட்டகமேறி வந்த உமரை உலக சினிமா அள்ளிக்கொண்டு போய்விட்டது!