கேஸ் முடியும் வரை காத்திருக்க வேண்டாம்: இடைக்கால ஜீவனாம்சம் கேட்போம்



குழுக் கூட்டம் முடிந்து நோட்டை மூடிய பிறகுதான் சில பேச்சுகள் வெளியே வரும். "அவரு விட்டுட்டுப் போயி எட்டு மாசம் ஆச்சுக்கா. கோர்ட்டுக்குப் போனா வருஷக்கணக்கா இழுக்குமாமே, அதுவரைக்கும் பிள்ளைக்கு யாரு சோறு போடுறது?" என்று கேட்பவர்களை நாம் பார்த்திருக்கிறோம். இந்தப் பயத்திலேயே மனுப் போடாமல் இருந்துவிடுகிறார்கள். இந்தக் கேள்விக்குச் சட்டத்தில் பதில் இருக்கிறது. அதுதான் இடைக்கால ஜீவனாம்சம்.

இடைக்கால ஜீவனாம்சம் என்றால் என்ன?

ஜீவனாம்ச வழக்கு நடக்கும்போதே, தீர்ப்பு வரும் வரை மனைவிக்கும் பிள்ளைக்கும் மாதாமாதம் பணம் கொடுக்கும்படி கணவருக்கு நீதிமன்றம் போடும் உத்தரவு இது. 2001-ல் வந்த சட்டத் திருத்தம் இதற்கு வழி செய்தது. மாதம் 500 ரூபாய்க்கு மேல் கூடாது என்ற பழைய வரம்பும் அப்போதுதான் நீங்கியது. முன்பு "125 கேஸ்" என்று சொல்வோமே, அது 2024 ஜூலை 1 முதல் புதிய சட்டத்தில் 144-வது பிரிவாக உள்ளது.

கணவருக்கு நோட்டீஸ் கிடைத்த நாளிலிருந்து கூடுமானவரை 60 நாளுக்குள் இடைக்கால மனுவை முடிக்க வேண்டும் என்கிறது சட்டம். வாய்தா தள்ளிப்போவதும் உண்டுதான். ஆனால் மனுப் போட்ட தேதியிலிருந்தே ஜீவனாம்சம் கணக்கிட வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2020-ல் சொல்லிவிட்டது. எனவே நாம் சும்மா இருக்கும் ஒவ்வொரு மாதமும் நமக்குத்தான் நஷ்டம்.

யார் கேட்கலாம்?

தன் வருமானத்தில் பிழைக்க முடியாத மனைவி கேட்கலாம். எந்த மதமானாலும் சரி. கூலி வேலை, பால் மாடு என்று கொஞ்சம் வருமானம் இருந்தாலும், அது போதவில்லை என்றால் கேட்கலாம். 18 வயது நிரம்பாத பிள்ளைக்குத் தனி உரிமை உண்டு. பெற்றோர் முறைப்படி கல்யாணம் செய்யாவிட்டாலும் பிள்ளையின் உரிமை போகாது.

தகுந்த காரணம் இல்லாமல் கணவரோடு வாழ மறுத்தால் மனைவிக்குக் கிடைக்காது. ஆனால் அவர் இன்னொரு கல்யாணம் செய்திருந்தால், அதுவே தனியாக இருக்கத் தகுந்த காரணம்தான்.

"எனக்கு வேலையே இல்லீங்க" என்று கணவர் சொன்னால்?

உடம்பில் தெம்பு உள்ள கணவர் கூலி வேலை செய்தாவது மனைவி, பிள்ளைகளைக் காப்பாற்ற வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2022-ல் கூறியுள்ளது. மேலும், இரண்டு பேருமே வருமானம், சொத்து, கடன் விவரத்தைப் பிரமாண வாக்குமூலமாகக் கொடுக்க வேண்டும். நம் குழுக் கடன் தவணையையும் அதில் மறக்காமல் எழுதுங்கள். இருக்கும் வருமானத்தை மறைக்க வேண்டாம்.

எங்கே, எப்படி?

இப்போது நீங்கள் குடியிருக்கும் ஊருக்கு உரிய நீதிமன்றத்திலேயே மனுப் போடலாம். கணவர் ஊருக்கு அலைய வேண்டியதில்லை. குடும்ப நல நீதிமன்றம் இருந்தால் அங்கே, இல்லாவிட்டால் நீதித்துறை நடுவர் நீதிமன்றத்தில். பெரிய மனு கொடுக்கும் அன்றே இடைக்கால மனுவையும் சேர்த்துக் கொடுக்கச் சொல்லுங்கள்.

வக்கீல் ஃபீஸுக்கு வட்டிக்கு வாங்க வேண்டாம். பெண்களுக்கு, வருமானம் எவ்வளவு இருந்தாலும், இலவசமாக வக்கீல் வைத்துத் தர வேண்டும் என்பது சட்டம். நீதிமன்ற வளாகத்தில் உள்ள சட்டப் பணிகள் குழுவில் கேளுங்கள். போன் எண் 15100. அடி, உதை, கொடுமை இருந்தால் மாவட்ட சமூக நல அலுவலகத்தில் உள்ள பாதுகாப்பு அலுவலரிடம் சொல்லுங்கள். குடும்ப வன்முறைச் சட்டத்திலும் இடைக்காலப் பண உதவி கேட்கலாம். அவசரத்துக்கு 181.

கையில் எடுத்துச் செல்ல வேண்டியவை:

* கல்யாணப் பத்திரிகை, போட்டோ அல்லது பதிவுச் சான்று
* குடும்ப அட்டை, ஆதார், பிள்ளையின் பிறப்புச் சான்று
* பள்ளி ஃபீஸ், மருந்து, வாடகை ரசீதுகள்
* கணவரின் வேலை, நிலம், வண்டி பற்றித் தெரிந்த விவரங்கள்

உத்தரவு வந்தும் பணம் கட்டாவிட்டால்?

பணம் வர வேண்டிய தேதியிலிருந்து ஒரு வருடத்துக்குள் வசூல் மனுப் போட வேண்டும். இதை விட்டுவிடாதீர்கள். நீதிமன்றம் வாரண்ட் போட்டு வசூலிக்கும். அப்படியும் கட்டாவிட்டால், ஒவ்வொரு மாத பாக்கிக்கும் ஒரு மாதம் வரை சிறையில் வைக்கலாம். சிறைக்குப் போய் வந்தாலும் பாக்கி தீராது.

ஒரு எச்சரிக்கை

"கோர்ட் எதுக்கு, ஊரிலேயே பேசி அத்துவிட்டுடலாம்" என்று பத்திரத்தை நீட்டினால், சட்ட உதவி வக்கீலிடம் காட்டாமல் கையெழுத்தோ கைநாட்டோ வைக்காதீர்கள். "இருவரும் சம்மதித்துப் பிரிந்தோம்" என்று அதில் ஒரு வரி இருந்தால், அதைக் காட்டியே ஜீவனாம்சத்தை மறுக்கப் பார்ப்பார்கள். பிள்ளைக்கு உள்ள உரிமையைத் தாயே நினைத்தாலும் எழுதிக் கொடுத்துவிட முடியாது.

ஊக்குநர்களே, அடுத்த கூட்டத்தில் இதை வாசித்துக் காட்டுங்கள். விட்டுப் பிரிந்த நம் உறுப்பினர் யாராவது இருந்தால், முதல் தடவை சட்ட உதவி மையத்துக்குப் போகும்போது குழுவில் ஒருவர் துணைக்குப் போங்கள். தனியாகப் போக யோசிப்பவர் இரண்டு பேராகப் போனால் தைரியமாகப் பேசுவார்.