பொது இடம் யாருக்குப் பொது?

காவாந்தண்டலம் போன்ற நமது கிராமங்களில் மந்தைவெளி எவருக்குச் சொந்தம் என்று கேட்டால் ஜனங்கள் நகைப்பார்கள். பட்டா எவரிடமும் இல்லை. பாத்தியதை எல்லோருக்கும் உண்டு. சென்னையிலும் மந்தைவெளி என்றோர் இடம் இருக்கிறது. மந்தையும் போயிற்று, வெளியும் போயிற்று. பெயர் மட்டும் எஞ்சியிருக்கிறது. அங்கு மனை விலையைக் கேட்டால் நம்மூர் மிராசுதாருக்கும் மயக்கம் வரும்.

அம்மந்தைவெளிக்கு வடகிழக்கே, கடலோரத்தில் இருப்பது நொச்சிக்குப்பம். அவ்வழியே செல்லும் லூப் ரோட்டில் மீன் கடைகள் போக்குவரத்துக்கு இடையூறு என்று, 2023 ஏப்ரலில் சென்னை ஹைகோர்ட்டார் தாமாகவே வழக்கெடுத்து, ஆக்கிரமிப்புகளை அகற்றும்படி உத்தரவிட்டனர். நகரசபையார் போலீஸ் துணையுடன் கடைகளை அப்புறப்படுத்தினர். மீனவர் படகுகளைச் சாலைக்குக் கொணர்ந்து மறித்தனர். அவர்களுக்கென 366 கடைகளுடன் கட்டப்பட்ட அங்காடி திறக்கப்பட்டதோ 2024 ஆகஸ்டில்! அங்காடி நல்லதே, சுத்தமும் வேண்டியதே. ஆனால் அகற்றுவது முதலில், அமைப்பது பதினாறு மாதம் கழித்து என்பது என்ன முறை? அன்றாடம் கூடை இறக்கி விற்கும் ஸ்திரீகள் அதுவரை எதை நம்பியிருப்பது?

ஹைகோர்ட்டாரிடம் நமக்குள்ள மரியாதைக்குக் குறைவில்லை. எனினும், ஆக்கிரமிப்பு என்றால் பிறர் இடத்தில் புகுதல் என்பதே பொருள். அங்கே வலை உலர்த்திய மணல் முந்தியது. தார் ரோடு பிந்தியது. புகுந்தது எது? மீனவரின் பொதுச் சொத்துக்களைக் கடலோரப் படங்களில் குறிக்க வேண்டுமென 2011-ஆம் வருஷத்து மத்திய சர்க்கார் அறிவிப்பே கூறுகிறது. குறித்திருந்தால் இவ்வழக்கின் போக்கே வேறாயிருக்கும்.

ஏரிக்கும் தோட்டத்துக்கும் தனித்தனி வாரியம் வைத்தாண்ட உத்தரமேரூர் நமக்கு அண்டையிலுள்ளது. முதற் பராந்தகன் காலத்துக் கல்வெட்டைக் காட்டி மேடைதோறும் பெருமை பேசுகிறோம். ஆனால் கால்வேலி நிலமும் சொந்த மனையும் இல்லாதவன் பெயர் அக்குடத்தில் விழவில்லை என்பதையும் அதே கல்வெட்டு சொல்கிறது. பேச்சாளர்கள் அவ்வரியை ஏனோ விட்டுவிடுகிறார்கள்! பட்டா இல்லாதவன் பேச்சு அன்றும் ஏறவில்லை, நொச்சிக்குப்பத்திலும் ஏறவில்லை.

மூன்று லட்சம் ஜனத்தொகையுள்ள நகரங்களில் வார்டுக் கமிட்டிகள் வேண்டுமென அரசியல் சட்டம் 1993 முதல் விதித்திருக்கிறது. அடுத்த கடற்கரை அலங்காரத் திட்டம் வருமுன், அதன் படத்தைத் தமிழில் எழுதிக் குப்பத்தின் நடுவே வைத்து, மீன் விற்கும் ஸ்திரீகளையும் உட்காரச் செய்து கமிட்டி கூட்டுவதற்கு நகரசபையார் சித்தமா?