பொது மூதாதையைக் கணிக்கும் நிரற்கோப்புகளும் திராவிட மொழி மரமும்

முன்னுரை

மொழிகளைக் குடும்பமாகவும் அக்குடும்பத்தை மரமாகவும் காணும் வழக்கம் மொழிநூலார்க்குப் பழகிய ஒன்றாகும். தமிழுக்கும் தெலுங்குக்கும் மிக அண்மைய பொது மூதாதை எது என்பது அம்மரத்தை நோக்கி எழுப்பப்படும் வினாவாகும். இத்தகைய வினாவுக்கு விடை காணும் நிரற்கோப்புகள் இன்று கணினி நூலகங்களில் ஆயத்தமாக உள்ளன. ஆர் மொழியிலுள்ள ‘ஏப்’, பைத்தான் மொழியிலுள்ள ‘நெட்வொர்க்எக்ஸ்’ ஆகிய நூலகங்களை இதற்குச் சான்றாகக் குறிப்பிடலாம். அவை விடை காணும் முறையையும், அவ்விடையைத் தமிழாய்வாளர் எந்த அளவிற்குக் கொள்ளலாம் என்பதையும் இக்கட்டுரையில் விளக்க முற்படுகின்றோம்.

மரத்தைக் கோப்பாக எழுதுதல்

கணினிக்கு மரத்தை வரைந்து காட்ட வேண்டியதில்லை. அடைப்புக்குறிகளால் எழுதிக் காட்டினாலே போதும். ஒரே தாயினின்று பிரிந்தவற்றை ஒரே குறிக்குள் அடக்குவதே விதி. பத்ரிராஜு கிருஷ்ணமூர்த்தி 2003ஆம் ஆண்டு வெளியிட்ட திராவிட மொழிகள் பற்றிய நூலில் ஏற்றுள்ள வகைப்பாட்டைச் சில மொழிகளைக் கொண்டு சுருக்கி இவ்வாறு எழுதலாம்:

(((((தமிழ், மலையாளம்), கன்னடம்), (தெலுங்கு, கோண்டி))), (கொலாமி, பர்ஜி), (குடுக், மால்தோ))

இங்கு நடுவிலுள்ள ஒரு குறி மிகையாக உள்ளதைக் கூர்ந்து நோக்குவோர் காண்பர். அதனை நீக்கினால் சரியான வடிவம் கிடைக்கும்:

((((தமிழ், மலையாளம்), கன்னடம்), (தெலுங்கு, கோண்டி)), (கொலாமி, பர்ஜி), (குடுக், மால்தோ))

ஒரே ஒரு குறி மிகுந்தாலும் இல்லாத ஒரு தலைமுறை மரத்தில் நுழைந்துவிடும் என்பதற்காகவே இரண்டையும் காட்டினோம். இரண்டாம் வடிவத்தில் வெளிக்குறி மூலத்திராவிடத்தைக் குறிக்கும். ஒரு மொழி எத்தனை குறிகளுக்குள் அமைந்துள்ளதோ அத்தனை அதன் ஆழம். தமிழின் ஆழம் 4. கன்னடத்திற்கும் தெலுங்குக்கும் 3.

மூதாதையைக் காணும் முறை

எளிய முறை இரண்டு படிகளைக் கொண்டது. முதலில், ஆழம் மிகுந்த மொழியை மற்றதன் ஆழத்திற்கு மேலேற்ற வேண்டும். பின்னர், இரண்டும் ஒரே இடத்தில் சந்திக்கும்வரை ஒவ்வொரு படியாகச் சேர்ந்து ஏறவேண்டும். தமிழையும் தெலுங்கையும் எடுத்துக்கொள்வோம். தமிழை ஒரு படி ஏற்றினால் தமிழ்-மலையாளக் கணுவை அடைகின்றோம். அடுத்து இரண்டையும் ஏற்ற, ஒன்று தென்திராவிட முதற்பிரிவையும் மற்றது இரண்டாம் பிரிவையும் அடையும். மேலும் ஒரு படி ஏற, இரண்டும் மூலத் தென்திராவிடத்தில் சந்திக்கின்றன. அதுவே விடை.

ஆயிரக்கணக்கான கணுக்களையுடைய மரத்தில் ஒவ்வொரு வினாவிற்கும் இவ்வாறு ஏறுவது காலத்தை விழுங்கும். மரத்தை ஒருமுறை முன்கூட்டியே ஆயத்தம் செய்துவிட்டால், அதன் அளவு எத்துணைப் பெரிதாயினும் ஒவ்வொரு வினாவுக்கும் மாறாத சிறு நேரத்தில் விடை பெறலாம் என்பதை ஹாரெல், டார்ஜன் ஆகியோர் 1984இல் நிறுவினர்.

அடைப்புக்குறி இடம் மாறினால்

முன்பு பரவலாக வழங்கிய மூன்று பிரிவு வகைப்பாட்டில் தெலுங்கும் கோண்டியும் கொலாமி, பர்ஜியுடன் மத்தியத் திராவிடத்தில் வைக்கப்பட்டன. அதன்படி கோப்பை மாற்றினால் அதே நிரல் தமிழுக்கும் தெலுங்குக்கும் மூலத்திராவிடத்தையே பொது மூதாதையாகக் காட்டும். நிரலில் ஓர் எழுத்தும் மாறவில்லை. விடை மட்டும் மாறிவிட்டது.

இதன் விளைவு சிறிதன்று. தமிழிலும் தெலுங்கிலும் மட்டும் இனச்சொற்களையுடைய ஒரு சொல்லைப் பழைய மரம் மூலத்திராவிடச் சொல் எனக் கொள்ள இடமளிக்கும். புதிய மரமோ அதனை மூலத் தென்திராவிடத்தோடு நிறுத்திவிடும். அதற்கு மேலே கொண்டுசெல்லக் கொலாமி, குடுக், பிராகூயி போன்ற மொழிகளின் சான்று வேண்டும். ‘கண்’ என்னும் சொல்லுக்கு வடதிராவிட மொழிகளிலும் இனச்சொற்கள் உள்ளமையால் எம்மரத்திலும் அது மூலத்திராவிடச் சொல்லாகவே நிற்கும்.

மேலும், அண்டை மொழிகள் ஒன்றிடமிருந்து ஒன்று சொற்களைக் கடன் பெறுகின்றன. கடன்சொல்லை இனச்சொல்லாகக் கொடுத்தாலும் நிரல் தடையின்றி ஒரு மூதாதையைக் காட்டும். கடனைப் பிரித்தறிவது ஒலிமாற்ற விதிகளைக் கற்ற ஆய்வாளரின் பணியேயாகும்.

முடிவுரை

20 திராவிட மொழிவகைகளின் தரவைக் கொண்டு 2018இல் வெளிவந்த புள்ளியியல் ஆய்வொன்று, இக்குடும்பத்தின் அகவையை ஏறத்தாழ 4,500 ஆண்டுகள் எனக் கணித்தது. நான்கு பெரும் பிரிவுகளையும் அது உறுதிசெய்தது. ஆயினும் அவற்றிற்கிடையிலான உறவில் ஐயம் மிகுதி என்றும் கூறியது. தமிழும் தெலுங்கும் சந்திக்கும் கணு அந்த ஐயத்திற்குள்ளேயே அடங்குகின்றது.

ஆகவே, நிரற்கோப்பு தருவது நாம் கொடுத்த மரத்திற்குரிய விடையே ஆகும். அம்மரம் சரியா என்பதை அது ஆராய்வதில்லை. எந்த வகைப்பாட்டைக் கோப்பில் எழுதினோம் என்பதை ஆய்வேட்டில் வெளிப்படையாகக் குறிப்பிடுவதும், இரு மரங்களிலும் வினாவை எழுப்பி விடைகளை ஒப்பிடுவதும் ஆய்வாளரின் கடமையாகும். இவ்வொப்பீட்டைக் கணினியின்றித் தாளிலும் எழுதுகோலிலும் மாணவர்களைக் கொண்டு வகுப்பறையில் செய்து காட்டலாம் என்பதையும் ஆசிரியர்களுக்கு நினைவூட்ட விரும்புகின்றோம்.