நின்றுபோன வேலையும் நட்டஈடும்



மலைநாட்டுப் பாதைகளிற் செல்வோர், கூரை காணாத கட்டடத்தையோ, ஒரு கரையில் மட்டும் தூண் எழும்பிய பாலத்தையோ எங்கேனும் கண்டிருப்பர். நான் பணியாற்றிய தோட்டப் பாடசாலை ஒன்றிலும் அத்தகைய கட்டடம் ஒன்று இரண்டு மழைக்காலங்களைக் கண்டது. ஒப்பந்தகாரர் வேலையை விட்டுச் சென்றார். ஒப்பந்தம் இரத்துச் செய்யப்பட்டது. “நட்டத்தை அரசாங்கம் அவரிடம் அறவிட்டுக்கொள்ளும்” என்று பெற்றோருக்குக் கூறினேன். “எப்படி ஐயா அறவிடுவார்கள்?” என்று ஒரு தாய் வினவினார். அன்று என்னிடம் விடை இருக்கவில்லை. பின்னர் நான் தேடி அறிந்தவற்றை இன்று உங்களுக்குக் கூறுகிறேன்.

ஒப்பந்தத்தை இரத்துச் செய்வது வேறு. நட்டத்தை மீட்பது வேறு. முன்னதற்கு ஒரு கடிதம் போதும். பின்னதற்குக் கணக்கு வேண்டும், சான்று வேண்டும், காலம் தவறாமையும் வேண்டும்.

அரசாங்கத்தின் கையில் வழக்கமாக மூன்று காப்புகள் உண்டு. வேலையை நிறைவேற்றித் தருவதற்கான வங்கிப் பிணை முதலாவது. கொடுத்த முற்பணத்துக்கான வங்கிப் பிணை இரண்டாவது. ஒவ்வொரு பட்டியலிலும் ஒரு பங்கைக் கொடாது நிறுத்திவைக்கும் பணம் மூன்றாவது.

ஓர் உதாரணம் கொள்வோம். ஒரு பாடசாலைக் கட்டடத்தின் ஒப்பந்தத் தொகை 100 இலட்சம் ரூபாய். 40 இலட்சம் பெறுமதியான வேலை முடிந்த நிலையில் ஒப்பந்தகாரர் விலகிவிடுகிறார். எஞ்சிய 60 இலட்ச வேலையை முடிக்கப் புதியவர் 75 இலட்சம் கேட்கிறார். ஆகவே மேலதிகச் செலவு 15 இலட்சம். கொடுத்த முற்பணத்தில் இன்னும் கழிக்கப்படாதது 12 இலட்சம். மொத்த நட்டம் 27 இலட்சம். நிறைவேற்றற் பிணை 5 இலட்சம், முற்பணப் பிணை 12 இலட்சம், நிறுத்திவைத்த பணம் 4 இலட்சம் எனின், கைக்கு எட்டுவது 21 இலட்சமே. மீதி 6 இலட்சத்துக்கு நடுத்தீர்ப்பையோ நீதிமன்றத்தையோ நாடவேண்டும். இலங்கையில் நடுத்தீர்ப்பு 1995ஆம் ஆண்டின் 11ஆம் இலக்கச் சட்டத்தின்படி நடைபெறுகின்றது.

இந்த 21 இலட்சமும் தானாக வந்து சேர்வதன்று. வங்கிப் பிணைக்கு முடிவுத் திகதி உண்டு. அத்திகதிக்குள் கோரிக்கை சென்றாற்றான் வங்கி பணம் தரும். கோப்பு மேசையில் உறங்கினால் பிணை வெறுங் காகிதமாகிவிடும். அலுவலரின் கவனக்குறைவால் அரசுக்கு நட்டம் நேர்ந்தால், அதனை அவரிடமே அறவிடுவதற்கு 2018ஆம் ஆண்டின் 19ஆம் இலக்கத் தேசிய கணக்காய்வுச் சட்டம் இடமளிக்கின்றது.

அடுத்தது அளவீடு. வேலை நின்றவுடன், இரு தரப்பாரும் கூடியிருக்க, முடிந்தது எவ்வளவு, குறையுள்ளது எவ்வளவு, களத்திற் கிடக்கும் பொருள் எவ்வளவு என்று அளந்து எழுதவேண்டும். நம் மலைகளில் இது மேலும் அவசரமானது. ஒரு மழைக்காலம் கழிந்தால் வெட்டிய அத்திவாரம் மண்ணால் மூடும், கம்பி துருவேறும். பழைய ஒப்பந்தகாரரின் குறை எது, மழையின் சேதம் எது என்று பின்னர் எவராலும் பிரித்துரைக்க இயலாது.

சான்றின்றிப் பிணைப்பணத்தைக்கூட வைத்துக்கொள்ள முடியாமற் போகலாம். இந்தியாவில் மௌலா பக்ஸ் என்பவர் இராணுவத்துக்கு உருளைக்கிழங்கு, முட்டை, மீன் முதலியன வழங்க ஒப்பந்தஞ் செய்திருந்தார். ஒப்பந்தம் இரத்தானதும் அவருடைய 18,500 ரூபாய் வைப்புப்பணத்தை அரசு பறிமுதல் செய்தது. நட்டம் இன்னதென்று அரசு நிரூபிக்கவில்லை எனக் கூறி, 1969இல் இந்திய உச்ச நீதிமன்றம் அப்பறிமுதலை ஏற்க மறுத்தது.

மற்றொரு வழக்கு, நம்மைப்போலவே தேயிலை விளையும் அஸ்ஸாமில் எழுந்தது. குவாஹாத்தி விமான நிலையக் கட்டட விரிவு வேலைக்கு 1993இல் ஒப்பந்தமாயிற்று. 1994இல் அரசு அதனை இரத்துச் செய்தது. நட்டத் தொகையைக் கணிக்கும் அதிகாரம் பொறியியலாளருக்கு உண்டு. ஆயின் ஒப்பந்தத்தை மீறியவர் யார் என்பதை ஒரு தரப்பே தீர்ப்பிட முடியாது என்று 2011இல் அதே உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. தன் வழக்கில் தானே நீதிபதியாதல் அரசுக்கும் தகாது அன்றோ?

இந்நீதி நமக்கும் பொருந்துவது. தோட்டக் காணி உரிய நாளில் விடுவிக்கப்படாமையாலோ, பட்டியற் பணம் மாதக்கணக்காகக் கிடையாமையாலோ வேலை நின்றிருக்கலாம். அவ்விடத்து ஒப்பந்தகாரர்மீது மட்டும் பழி சுமத்தினால், நட்டஈடு கேட்கப் போன அரசே நட்டஈடு கொடுத்து மீளநேரும்.

ஆதலின், பெற்றோர்களே, பாடசாலை அபிவிருத்திச் சங்கத்தினரே, ஒரு குறிப்பேடு வையுங்கள். வேலை தொடங்கிய நாள், ஆட்கள் வராத நாட்கள், வந்திறங்கிய பொருள்கள் ஆகியவற்றை எழுதுங்கள். புகைப்படம் எடுத்துத் திகதியிடுங்கள். பிணை எப்போது முடிவடைகிறது என்பதை, 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவலறியும் உரிமைச் சட்டத்தின்கீழ் எழுத்தில் கேளுங்கள். அக்கேள்வி ஒன்றே உறங்கும் கோப்பை எழுப்பக்கூடும்.

பணத்தை ஓரளவு மீட்கலாம். ஆயின் ஒழுகும் பழைய மண்டபத்தில், மூன்று வகுப்புகளின் இரைச்சலுக்கிடையே ஒரு குழந்தை இழந்த கல்வியாண்டை எந்த வங்கிப் பிணையும் திருப்பித் தராது. வேலை நிற்பதற்கு முன்னரே விழித்திருக்க வேண்டுவது அதனாலேயே.