ரைன் நதி சிவந்த நாள்

1986 நவம்பர் 1. சுவிட்சர்லாந்தின் பாசல் நகருக்கு அருகே, சாண்டோஸ் நிறுவனத்தின் ரசாயனக் கிடங்கு நள்ளிரவில் தீப்பற்றியது. "ஜன்னல்களை மூடிக்கொண்டு உள்ளேயே இருங்கள்" என்று ஊர் மக்களுக்கு எச்சரிக்கை. தீயும் அணைந்தது. ஆனால் அணைக்கப் பீய்ச்சிய தண்ணீர், டன் கணக்கில் பூச்சிக்கொல்லி மருந்தைக் கரைத்துக்கொண்டு நேராக ரைன் நதியில் இறங்கியது. கிடங்கில் இருந்த சாயம் கலந்து ஆறே சிவந்தது. சுமார் ஒன்றரை லட்சம் விலாங்கு மீன்கள் செத்து மிதந்தன. ஆறு பாயும் வழியெங்கும், நெதர்லாந்து வரைக்கும், குடிநீருக்கு ஆற்றுநீர் எடுப்பதை நிறுத்த வேண்டியதாயிற்று.

இத்தனையையும் தவிர்க்க, தீயணைத்த அந்த நீரைத் தேக்கிவைக்க ஒரு தொட்டி இருந்திருந்தால் போதும்!

ஆலைக் கழிவால் ரைன் இந்த விபத்துக்கு முன்பே நலிந்துதான் கிடந்தது. சால்மன் மீன்கள் அற்றுப்போய்ப் பல ஆண்டுகள் ஆகியிருந்தன. விபத்துக்குப் பிறகுதான் கரையோர நாடுகள் விழித்துக்கொண்டன. 1987-இல் கூட்டுச் செயல்திட்டம் வந்தது. கழிவுநீர்ச் சுத்திகரிப்புக்குப் பெரும் பணம் செலவிட்டார்கள், ஆலைகளுக்குத் தேக்கத் தொட்டியைக் கட்டாயமாக்கினார்கள், அணைகளில் மீன்கள் ஏறிச்செல்ல வழி அமைத்தார்கள். சால்மன் திரும்பி வந்தது.

பாசலுக்கு அருகே வைல் ஆம் ரைன் என்ற இடத்தில் ஒரு கண்காணிப்பு நிலையம் இருக்கிறது. ஆற்றுநீரில் நச்சு கலக்கிறதா என்று இன்றும் அங்கே இடைவிடாமல் பரிசோதிக்கிறார்கள்.